மேசன் வேலைக்காரர் ஒருத்தற்ற கணக்குக் கொப்பியும் 71 லட்ச ரூபா தீர்ப்பும்

நான் யாழ்ப்பாணத்தில லோயர் ஒருத்தரிட்ட கிளாக்கா நிக்கிறன், கிட்டத்தட்ட 17 வருசம். ரோட்டு அக்சிடென்டில ஆள் செத்த வழக்குகள் கனக்க என்ர கையால போயிருக்கு. ஆனா இந்த ஒரு வழக்கை முழுசா எழுதி வைக்கோணும் எண்டு கன நாளா நினைச்சுக்கொண்டிருந்தன், ஏனெண்டால் நட்டஈட்டை கோட்டில எப்பிடிக் கணக்குப் பாக்கினம் எண்டுறது இதில தொடக்கத்தில இருந்து முடிவு மட்டும் வடிவா விளங்கும். அந்தக் குடும்பத்திட்டக் கேட்டுத்தான் எழுதுறன். ஆற்ற பேரும் போடேல்ல, இடங்களையும் கொஞ்சம் மாத்தியிருக்கிறன், காசுக் கணக்கு மட்டும் உள்ளது உள்ளபடி.

2019 ஆவணி, நல்லூர் திருவிழா நடக்கிற நேரம். ஆள் மேசன் வேலை, 34 வயசு. உரும்பிராயில ஒரு வீட்டு வேலையை முடிச்சுப்போட்டு பின்னேரம் ஆறே முக்கால் போல மோட்டச்சைக்கிளில வீட்ட போய்க்கொண்டிருக்கேக்க, பலாலி வீதியில கோண்டாவில் பக்கம் மணல் ஏத்தின டிப்பர் ஒண்டு பின்னால வந்து அடிச்சுது. ஆசுப்பத்திரியில ரெண்டு நாள் வச்சிருந்தவை, மூண்டாம் நாள் விடியக் காலமை முடிஞ்சுது. வீட்டில மனிசி 29 வயசு, மகள் 6, மகன் 2, அதோட அவற்ற அம்மா 61 வயசு. உழைப்பாளி அவர் ஒராள்தான்.

எட்டுச்செலவு அண்டைக்கு டிப்பர் முதலாளியின்ர ஆக்கள் ரெண்டு பேர் வந்திருக்கினம், மரியாதையாத்தான் வந்தவையாம், பழமும் கொண்டு வந்தவையாம். 3 லட்சம் ரூபா ஒரு என்வலப்பில. அதோட ரைப் பண்ணின கடுதாசி ஒண்டு, கீழ முத்திரை ஒட்டி கையெழுத்து வைக்கிற இடத்தில பென்சிலால ஒரு சின்னக் கோடும் போட்டுக் கொண்டு வந்திருக்கினம். இந்தக் காசு முழு நட்டஈடு, இனி இந்த விபத்து சம்பந்தமா ஒருத்தரும் ஒண்டும் கேக்க மாட்டினம் எண்டு அதில இருக்கு. அந்தப் பிள்ளை, செத்தவற்ற மனிசி, அழுதுகொண்டே பேனையை எடுத்திட்டுது, அப்ப மாமியாற்ற தம்பி ஒருத்தர், பழைய தபால்காரர், கண்ணாடியைப் போட்டு ரெண்டு தரம் வாசிச்சுப்போட்டு "தம்பியவை, செத்தவீட்டுச் செலவுக்கு உதவி செய்யிறதெண்டால் தாங்கோ, பற்றுச்சீட்டு எழுதித் தாறம், இந்தக் கடுதாசியில இப்ப ஒருத்தரும் கையெழுத்து வைக்க மாட்டினம்" எண்டு சொல்லியிருக்கிறார். அவை காசையும் திருப்பிக் கொண்டு போட்டினம். அந்த மனுசன் அண்டைக்கு அதில நிக்காட்டி நான் இதை எழுதுற தேவை வந்திருக்காது. எங்கட பக்கம் கனபேர் துடக்கு வீட்டுக்குள்ளயே இப்பிடிக் கையெழுத்து வச்சுப்போட்டு ஒரு வருசத்தால எங்களிட்ட வருவினம், அப்ப அந்தக் கடுதாசியோட மல்லுக்கட்டுறதே பெரிய பாடு.

பிறகு நீதவான் கோட்டில பொலிசின்ர வழக்கு. கவலையீனமா ஓடி மரணம் விளைவிச்சது, தண்டனைச் சட்டக்கோவை 298ஆம் பிரிவு, உச்சத் தண்டனை 5 வருசம். ட்ரைவர் குற்றத்தை ஒத்துக்கொண்டார், தண்டமும் ஒத்திவைச்ச சிறையும் லைசென்ஸ் இடைநிறுத்தமும் கிடைச்சுது. அதோட எல்லாம் முடிஞ்சுது எண்டு இந்தப் பிள்ளை நினைச்சிட்டுது. "வழக்கு வெண்டிட்டம் தானே, காசு எப்ப வரும்?" எண்டு பொலிசடியில போய் ரெண்டு மூண்டு தரம் கேட்டிருக்கு. அங்க ஒருத்தரும் இது வேற வழக்கு எண்டு விளங்கப்படுத்தேல்ல. இதைத்தான் நான் எல்லாரிட்டயும் திருப்பித் திருப்பிச் சொல்லுறது. நீதவான் கோட்டு வழக்கு அரசாங்கத்துக்கும் ட்ரைவருக்கும் இடையில நடக்கிறது. அந்தக் கோட்டிலயும் நட்டஈடு எண்டு ஒரு தொகை கட்டச் சொல்லலாம்தான், ஆனா ஒரு குடும்பம் இனி எப்பிடிச் சீவிக்கிறது எண்டு கணக்குப் பாத்துக் குடுக்கிற இடம் அது இல்ல. அதுக்கு மாவட்ட நீதிமன்றத்தில தனிய வழக்குப் போடோணும், போடவும் 2 வருசம்தான் இருக்கு. 1871ஆம் ஆண்டுக் காலாவதிச் சட்டம், 9ஆம் பிரிவு. அந்த ரெண்டு வருசம் தாண்டினால் எவ்வளவு நியாயம் இருந்தாலும் பைலைத் திறக்கிறதே வீண்.

அந்தப் பிள்ளை எங்களிட்ட வரேக்க 2021 மாசி. ஆவணியோட தவணை முடியுது. இடையில வைகாசி ஆனியில கொரோனாப் பயணத்தடை, ரோட்டில ஒருத்தரும் இறங்கேலாது, மரணச் சான்றிதழ், பொலிஸ் வரைபடம், மோட்டார் பரிசோதகற்ற ரிப்போட், சட்ட வைத்திய அதிகாரியின்ர ரிப்போட், நீதவான் கோட்டு வழக்கேட்டுப் பிரதி எண்டு ஒவ்வொண்டா எடுத்து முடிக்க ஆடி மாசம் ஆச்சு. 23ஆவது மாசத்தில பைல் பண்ணினம். மனிசியும் அம்மாவும் தங்களுக்காக, பிள்ளையள் ரெண்டும் வயசு குறைஞ்சபடியா அதுகளுக்காகத் தாயையே வழக்கு நடத்த விடச்சொல்லி கோட்டில அனுமதி எடுத்து. எதிராளி ரெண்டு பேர், ட்ரைவரும் முதலாளியும். முதலாளி என்னத்துக்கு எண்டால் ட்ரைவர் அவற்ற வேலைக்காக, அவற்ற மணலை ஏத்திக்கொண்டு ஓடினவர், அப்பிடி ஓடேக்க நடந்ததுக்கு முதலாளியும் பொறுப்பு.

இன்சூரன்ஸ் கொம்பனியை எதிராளியாப் போடேல்ல. ஆனா 1951ஆம் ஆண்டு 14ஆம் இலக்க மோட்டார் வாகனச் சட்டத்தின்படி, வழக்குப் போட முந்தியோ போட்டு 7 நாளுக்குள்ளயோ கொம்பனிக்கு அறிவித்தல் குடுத்திருக்கோணும், குடுத்தால்தான் தீர்ப்பு வந்தாப்பிறகு மூண்டாம் தரப்பு இன்சூரன்ஸில இருந்து காசை வேண்டேலும். அந்தப் பதிவுத் தபாலை நானே கொண்டு போய்ப் போட்டனான். துண்டை பைலின்ர முதல் பக்கத்தில ஒட்டி வைச்சம். வெண்ட வழக்கில இந்தத் துண்டு இல்லாமல் கடைசியில டிப்பர் முதலாளியின்ர காணியை ஏலம் போட அலைஞ்ச குடும்பங்களை நான் பாத்திருக்கிறன். அடிச்ச வாகனம் எது எண்டே தெரியாமப் போனால் அது வேற கதை, அதுக்கு தேசிய வீதிப் பாதுகாப்புச் சபையில ஒரு நிவாரணத் திட்டம் இருக்கு, அங்க விண்ணப்பிக்கோணும்.

சரி, இப்ப கணக்குக்கு வாறன். "ஒரு உசிருக்கு எவ்வளவு போடுவினம்?" எண்டுதான் எல்லாரும் கேக்கிறது. கோடு உசிருக்கு விலை போடுறேல்ல. எங்கட நாட்டில இந்த விசயத்தில ஓடுறது ஒல்லாந்தர் காலத்தில வந்த ரோமன் டச்சுச் சட்டம், அது கேக்கிற கேள்வி ஒண்டே ஒண்டுதான்: இந்த மனுசன் உயிரோட இருந்திருந்தால் இந்த வீட்டுக்கு என்ன வந்துகொண்டிருக்கும், அதில எவ்வளவு இப்ப இல்லாமப் போச்சு. அவர் எவ்வளவு உழைச்சவர் எண்டதை விட, உழைச்சதில எவ்வளவு இந்த நாலு பேற்ற வாய்க்கும் வயித்துக்கும் போனது எண்டதுதான் பேச்சு. இதை நீங்கள் காட்டோணும். கோடு தானாத் தேடி எடுக்காது.

மேசனுக்கு சம்பளப் பட்டியல் இல்ல, ஈபிஎப் எண்டுற ஊழியர் சேமலாப நிதி இல்ல, பாங்கில காசு போட்டு எடுத்த சரித்திரமும் இல்ல. இப்பிடியான ஆக்கள்தான் எங்கட பகுதியில பாதிக்கு மேல. மறு தரப்பு லோயர் தொடக்கத்திலயே சொல்லிப்போட்டார், வருமானத்துக்கு ஒரு ஆதாரமும் இல்ல, மாசம் 25,000 எண்டு வைக்கலாம் எண்டு.

எங்கட ஐயா, நான் வேலை செய்யிற லோயர், அந்தப் பிள்ளையிட்ட ஒருக்கா கேட்டவர், "பிள்ளை, அவர் எதையும் எழுதி வைக்கிற பழக்கம் இருந்ததோ?" எண்டு. அது கொஞ்ச நேரம் யோசிச்சுப்போட்டு, ஒரு கொப்பி இருக்கு ஐயா, சீட்டுக்காசு எழுதுற கொப்பி எண்டுது. அடுத்த நாள் கொண்டு வந்துது. ஒரு சீஆர் கொப்பி, மட்டை பிஞ்சு, பக்கங்களில சீமெந்துக் கை பட்டு விறைச்சுப்போய் இருக்கு, திருப்பேக்க தூள் கொட்டுது. 14 மாசக் கணக்கு. இடது பக்கம் வரவு: "உரும்பிராய் 6 நாள் 15,000", "தச்சன்தோப்பு 3 நாள் 7,500", "மழை, வேலை இல்லை". வலது பக்கம் செலவு: "சீட்டு 5,000", "பால்மா 2", "மகள் சப்பாத்து", "அம்மா கண் மருந்து 1,150". ஒவ்வொரு மாசமும் அடியில கோடு போட்டு கூட்டி, மிச்சத்தை எழுதி.

எங்களுக்கு அண்டைக்கு விளங்கினது என்னெண்டால், வழக்கைத் தூக்கி நிறுத்தப்போறது வலது பக்கம்தான். வரவை எவனும் கூட்டி எழுதலாம் எண்டு வாதாடலாம், ஆனா மாசா மாசம் அம்மாவின்ர கண் மருந்தை ஒருத்தரும் பொய்யா எழுதப் போறேல்ல. தாய் தகப்பன் நட்டஈடு கேக்கிறதெண்டால் தங்களுக்கு வேற வழியில்ல, பிள்ளைதான் பாத்தவர் எண்டு காட்டோணும், கிராம சேவகற்ற கடிதத்தோட இந்தக் கண் மருந்து வரிதான் அந்த அம்மாவுக்கு ஒரு பங்கை வேண்டிக் குடுத்தது.

விசாரணை தொடங்கவே 2023 ஆகிட்டுது. குறுக்கு விசாரணையில மறு தரப்பு லோயர் கொப்பியைக் கையில வச்சுக்கொண்டு "இதை நீங்கள் பிறகு இருந்து எழுதியிருக்கலாம் தானே?" எண்டு கேட்டார். அந்தப் பிள்ளை கோட்டுக் கூண்டில ஏறினதே வாழ்க்கையில முதல் தரம், குரல் வெளிய வரேல்ல. பிறகு சொல்லிச்சுது: "எனக்கு இப்பிடி எழுத வராது ஐயா. அவர் ஏழாம் இலக்கத்துக்கு நடுவில ஒரு கோடு போடுவார். நான் போடுறேல்ல." நீதிபதி கொப்பியைத் தரச்சொல்லி வாங்கி கன நேரம் பக்கம் பக்கமாப் பாத்தவர். பிறகு கொந்துறாத்துக்காரர் ஒருத்தர் சாட்சிக்கு வந்தார், தன்ர கணக்குப் புத்தகத்தோட. தன்னட்ட செய்த நாளுகள் ரெண்டு புத்தகத்திலயும் ஒரே மாதிரி இருந்துது. அதோட வருமானப் பிரச்சினை முடிஞ்சுது.

இப்ப தீர்ப்பில போட்ட கணக்கு. கடைசி 12 மாசத்தில 258 நாள் வேலை, நாளுக்கு 2,500, வருசத்துக்கு 6 லட்சத்து 45 ஆயிரம், மாசத்துக்கு 53,750 வரும். கோடு அதை 50,000 எண்டு எடுத்துது. அதில அவர் தனக்கெண்டு செலவழிச்சது, பெற்றோல், சாப்பாடு, வெத்திலை, அது 15,000. மிச்சம் 35,000 வீட்டுக்கு. வருசத்துக்கு 4 லட்சத்து 20 ஆயிரம். 60 வயசு மட்டும் உழைச்சிருப்பார் எண்டால் இன்னும் 26 வருசம், நேராப் பெருக்கினால் 1 கோடியே 9 லட்சத்து 20 ஆயிரம். ஆனா நேராப் பெருக்கிக் குடுக்கிறேல்ல. 26 வருசத்தில கொஞ்சம் கொஞ்சமா வரவேண்டிய காசு ஒரே நாளில கைக்கு வருது, அதைப் பாங்கில போட்டால் வட்டி வரும். மேசன் வேலை கஸ்டமான வேலை, வருத்தம் வந்து இடையில நிண்டிருக்கலாம். மனிசிக்கு இன்னும் வயசு இருக்கு, மறுமணம் செய்யலாம். இதெல்லாத்தையும் யோசிச்சு வருசத்தைக் குறைப்பினம். மறு தரப்பு 10 வருசம் போதும் எண்டுது, நாங்கள் 20 கேட்டம், நீதிபதி 15 போட்டார். 63 லட்சம். மறுமணத்தைக் கணக்கில எடுக்கிறது எனக்கு எப்பவும் மனசுக்கு ஒப்பாத விசயம். அண்டைக்கு அந்தப் பிள்ளை கூண்டில நிண்டு "உங்களுக்கு இன்னும் 33 வயசுதானே?" எண்ட கேள்விக்குத் தலையைக் குனிஞ்சதை நான் மறக்கேல்ல.

இதே ஆள் இந்தியாவில செத்திருந்தால் கணக்கு வேற. யூடியூப்பில தமிழ்நாட்டு வக்கீல்மார் சொல்லுறதைப் பாத்துப்போட்டு இங்க வந்து அதே டேபிளைக் கேக்கிற ஆக்கள் கனபேர், அதுக்காகச் சொல்லுறன். அங்க மோட்டார் விபத்துக்கெண்டு தனித் தீர்ப்பாயம் இருக்கு, 2009 சர்லா வர்மா தீர்ப்பில வயசுக்கு ஏத்த பெருக்கல் எண்ணை அட்டவணையாப் போட்டிருக்கினம். 31 தொடக்கம் 35 வயசுக்கு 16. தங்கியிருக்கிறவை 4 தொடக்கம் 6 பேர் எண்டால் செத்தவற்ற சொந்தச் செலவுக்கு கால் பங்குதான் கழிப்பினம். 2017 பிரணய் சேத்தி தீர்ப்பின்படி சொந்தத் தொழில் செய்த, 40 வயசுக்குக் குறைஞ்ச ஆளுக்கு வருங்கால வருமான உயர்வெண்டு 40 வீதம் கூட்டுவினம். எங்கட மேசன்ர 50,000ஐ அதில போட்டால் 70,000 ஆகி, கால் பங்கு போய் 52,500, அது 12 தரம், பிறகு 16 தரம், 1 கோடியே 80 ஆயிரம். இங்க 63 லட்சம். இலங்கையில அப்பிடி அட்டவணை ஒண்டும் இல்ல, ஒவ்வொரு நீதிபதியும் முன்னால இருக்கிற சாட்சியத்தைப் பாத்து முடிவெடுக்கிறது. நல்ல சாட்சியம் வச்சிருக்கிற குடும்பத்துக்கு அது நல்லம், ஒண்டும் இல்லாத குடும்பத்துக்கு அது பெரிய அநியாயமா முடியும். ஒரு அட்டவணை இங்கயும் வரோணும் எண்டுதான் நான் சொல்லுவன்.

அடுத்தது மனக்கவலைக்கான காசு. முந்தி எங்கட சட்டத்தில இதுக்கு இடமே இல்ல. 2001ல உச்ச நீதிமன்றம் ஒரு சின்னப் பிள்ளை செத்த மருத்துவக் கவலையீன வழக்கில, தாய் தகப்பன் பிள்ளையின்ர அன்பையும் துணையையும் இழந்ததுக்கு இந்தச் சட்டத்தில நட்டஈடு கிடையாது, காசில அளக்கக்கூடிய இழப்புக்கு மட்டும்தான் எண்டு சொல்லிப்போட்டுது. அதாவது உழைக்காத பிள்ளை செத்தால் கணக்குப் பாக்க ஒண்டும் இல்ல எண்ட நிலைமை. 18 வருசத்துக்குப் பிறகு 2019ல, ஆள் மரணத்துக்கு நட்டஈடு அறவிடுற 2ஆம் இலக்கச் சட்டம் வந்துதான் இது மாறினது. எங்கட விபத்து அந்தச் சட்டம் வந்து சில மாசத்தில நடந்தபடியா நாங்களும் கேட்டம். மனிசிக்கு 6 லட்சம், பிள்ளையளுக்கும் அம்மாவுக்கும் ஆளுக்கு 3 லட்சம், மொத்தம் 15. செத்தவீட்டுச் செலவு, பெட்டி, வாகனம், எட்டுச்செலவு, அந்தியேட்டி எண்டு பற்றுச்சீட்டோட இருந்தது 1 லட்சத்து 80 ஆயிரம். எல்லாம் கூட்டினால் 79 லட்சத்து 80 ஆயிரம்.

அதில 10 வீதம் வெட்டு விழுந்துது. மோட்டச்சைக்கிளின்ர பின் லைட் எரியேல்ல எண்டு மறு தரப்பு சொன்னது. அது அடிபட்டதில உடைஞ்சதோ முதலே எரியாமல் இருந்ததோ எண்டு ரிப்போட்டில தெளிவா இல்ல. பக்கத்துக் கடைப் பெடியன் லைட்டைக் கண்டனான் எண்டு சொன்னவன்தான், ஆனா பொலிசில குடுத்த முதல் வாக்குமூலத்தில அது இல்ல. 1968ஆம் ஆண்டு 12ஆம் இலக்கச் சட்டத்தின்ர கீழ பிழையைப் பங்கு பிரிக்கலாம், செத்தவரிலயும் 10 வீதம் பிழை எண்டு கோடு எடுத்துது. ஒரு சின்ன பல்ப், 7 லட்சத்து 98 ஆயிரம். ட்ரைவர் நீதவான் கோட்டில குற்றத்தை ஒத்துக்கொண்டது எங்களுக்குப் பெரிய பலம், அது இல்லாட்டி இந்த வெட்டு இன்னும் கூடியிருக்கும் எண்டுதான் எங்கட ஐயா சொல்லுறவர்.

தீர்ப்பு 2025 தையில. 71 லட்சத்து 82 ஆயிரம், கட்டி முடிக்கும் மட்டும் சட்ட வட்டியோட.

கேக்கப் பெரிய காசு. ஆனா 50,000 எண்ட கணக்கு 2019ன்ர கணக்கு. இடையில 2022 வந்து போச்சு, அந்த வருசம் புரட்டாதியில பணவீக்கம் கிட்டத்தட்ட 70 வீதம், அவர் கொப்பியில 400 ரூபாவுக்கும் கீழ எழுதி வைச்ச பால்மா பக்கெட் ஆயிரத்தைத் தாண்டினது. கொந்துறாத்துக்காரர் சாட்சியில இப்ப மேசனுக்கு 4,000 குடுக்கிறன் எண்டு சொன்னவர். நீதிபதி அதைக் கணக்கில எடுத்ததாலதான் 10 வருசமாக் குறைக்காமல் 15 போட்டிருக்கிறார், தீர்ப்பில அப்பிடித்தான் எழுதியிருக்கு. என்ர மனசுக்கு அது காணாது. ஆறு வருசம் வழக்கு இழுபட்டால் அந்த ஆறு வருச விலையேத்தத்தையும் செத்தவன்ர குடும்பம் தான் சுமக்குது, டிப்பர் ஓட்டினவனும் இல்ல, இன்சூரன்ஸும் இல்ல.

இன்சூரன்ஸ் கொம்பனி மேன்முறையீடு போடப்போறம் எண்டு நிண்டுது. போட்டால் குடியியல் மேன்முறையீட்டு மேல் நீதிமன்றம், பிறகு வேணுமெண்டால் உச்ச நீதிமன்றம், எத்தினை வருசம் எண்டு ஆருக்குத் தெரியும். அந்தப் பிள்ளை சொல்லிச்சுது, "அண்ணை, மகள் பெரிசாகுறாள், எனக்கு இனிக் கோட்டடிக்கு வந்து நிக்க ஏலாது." கடைசியா 68 லட்சத்துக்குப் பேசி முடிச்சம். 3 லட்சத்தில தொடங்கின கதை. பிள்ளையளின்ர பங்கு கோட்டின்ர உத்தரவில 18 வயசு மட்டும் எடுக்கேலாதபடி பாங்கில போட்டிருக்கு, படிப்புச் செலவுக்கு தேவையெண்டால் கோட்டிட்டக் கேட்டு எடுக்கலாம். மாமியாருக்கு கண் ஒப்பரேசன் செய்தாச்சு. மிச்சத்தில கிணத்தடியோட சேத்து ஒரு அறை கட்டுப்படுது, அவர் தொடங்கி லிண்டல் மட்டத்தில விட்டுப்போன அறை.

போன மாசம் மகளைக் கூட்டிக்கொண்டு எங்கட கந்தோருக்கு வந்தவை. மகளுக்கு இப்ப 12 வயசு. காசு பற்றி ஒண்டும் கேக்கேல்ல, அப்பான்ர கொப்பி எங்க எண்டு கேட்டாள். அது சான்றுப் பொருளா நம்பர் போட்டு வழக்குக் கோவைக்குள்ள இருக்கு, வழக்கு முடிஞ்சபடியாத் திருப்பி எடுக்கலாம், அதுக்கு கோட்டிட்ட அனுமதி கேட்டு நகர்த்தல் பத்திரம் எண்டு ஒரு கடுதாசி போடோணும். அண்டைக்கே நான் ரைப் பண்ணி ஐயாட்டக் கையெழுத்து வாங்கிப் போட்டிட்டன். வாற புதன்கிழமை கூப்பிடுறாங்கள்.